தலைவரில்லாத அவை: நியூபவுண்ட்லாந்தின் 1908ஆம் ஆண்டுப் பொதுத்தேர்தல்



மொழிக்கெனத் தோன்றிய மன்றத்தின் சொற்பொழிவு வரிசையில் மொழியியல் படித்த ஒருவர் தேர்தலைப் பற்றிப் பேச வந்திருப்பது உங்களுட் சிலருக்கு வியப்பாக இருக்கலாம். அழைப்பிதழில் தலைப்பைக் கண்ட நண்பர் ஒருவர், “நியூபவுண்ட்லாந்து எங்கே இருக்கிறது, நாம் எங்கே இருக்கிறோம்?” என்று தொலைபேசியில் கேட்டார். அவருக்குச் சொன்ன விடையையே இங்கும் முதலில் சொல்லிவிடுகிறோம். இத்தேர்தலை யாம் தேடிப் போகவில்லை. ஒரு சொல்தான் எம்மை அங்கே கொண்டுபோய்ச் சேர்த்தது.

பணி ஓய்வு பெறுவதற்குச் சில ஆண்டுகளுக்கு முன்னர் மொழிபெயர்ப்பு வகுப்பு ஒன்றில் மாணவர்களுக்கு ஆங்கிலத்தில் ஒரு வரலாற்றுப் பகுதியைக் கொடுத்திருந்தோம். 1909ஆம் ஆண்டில் ஒரு சட்டமன்றம் கூடியும் தனக்கொரு ‘ஸ்பீக்கரை’த் தேர்ந்தெடுக்க இயலாமற் போயிற்று என்பது அப்பகுதியின் செய்தி. மாணவி ஒருவர், ‘அவை தனக்கு ஒரு பேச்சாளரைத் தேர்ந்தெடுக்கத் தவறியது’ என்று எழுதியிருந்தார். வகுப்பு சிரித்தது. யாமும் சிரித்தோம் என்பதை மறைப்பதற்கில்லை. சிவப்பு மையால் அச்சொல்லைச் சுழித்து, ‘சபாநாயகர்’ என்று மேலே எழுதிக் கொடுத்தோம்.

அன்று மாலை வீடு திரும்பும் வழியில் அம்மாணவி செய்தது அத்துணைப் பெரிய பிழையன்று எனத் தோன்றலாயிற்று. ஆங்கிலச் சொல்லுக்குப் பேசுபவர் என்பதே நேர்ப்பொருள். இங்கிலாந்தின் மக்களவை தன் கருத்தை மன்னரிடம் எடுத்துரைப்பதற்காக அனுப்பிய வாயே அவர். நாளடைவில் அப்பதவியின் தொழில் மாறியது, பெயர் மாறவில்லை. இன்று அவையின் விவாதத்தில் கலந்து பேசாதவர் எவரோ அவரையே ஆங்கிலம் பேசுபவர் என்கிறது. தமிழ், பேச்சை விட்டுவிட்டுத் தலைமையைப் பற்றிக்கொண்டது. மலேசியாவில் சபாநாயகர் என்கிறோம். சிங்கப்பூரில் நாடாளுமன்ற நாயகர் என்கிறார்கள். தூய தமிழ் நாடுவோர் அவைத்தலைவர் என்பர். மூன்றும் நல்ல சொற்களே. ஆயினும் அப்பதவியின் உயிர்நிலையாகிய நடுவுநிலைமை மூன்றிலும் இல்லை. ஆங்கிலச் சொல்லிலும் இல்லை.

மறுவாரம் அதே மாணவி கேட்டார்: “ஐயா, சொல் இருக்கட்டும். ஒரு தலைவரை அவர்களால் ஏன் தேர்ந்தெடுக்க முடியவில்லை? அவையில் ஆளா இல்லை?” அக்கேள்விக்கு அன்று எம்மிடம் விடையில்லை. பிறகு படித்து அறிந்ததையே இன்று உங்கள்முன் வைக்கிறோம்.

வட அமெரிக்காவின் கிழக்கு விளிம்பில், அட்லாண்டிக் கடலுக்குள் தள்ளி நிற்கும் பெருந்தீவு நியூபவுண்ட்லாந்து. இன்று கனடாவின் ஒரு மாநிலத்தில் அடங்கியிருக்கிறது. அன்று அது கனடாவைச் சேராத தனி ஆட்சிப்பகுதி. 1855ஆம் ஆண்டிலேயே பொறுப்பாட்சி பெற்றது. அஃதாவது, அமைச்சர்கள் ஆளுநருக்கு அன்றி, மக்கள் தேர்ந்தெடுத்த அவைக்குப் பொறுப்புடையவராயினர். 1869ஆம் ஆண்டுத் தேர்தலில், கனடாவோடு இணைய வேண்டும் என்ற தரப்பை அம்மக்கள் தோற்கடித்தனர். 1907ஆம் ஆண்டு இலண்டனில் நடந்த மாநாட்டிற்குப் பின்னர்த் தன்னாட்சி பெற்ற குடியேற்றங்களை ‘டொமினியன்’ என்று அழைக்கும் வழக்கம் வந்தது. கனடா, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகிய பெரிய பெயர்களோடு இச்சிறு தீவும் அவ்வரிசையில் இடம்பெற்றது. பின்னாளில் இந்திய விடுதலைப் பேச்சின்போது தமிழில் இதனைக் ‘குடியேற்ற நாட்டு அந்தஸ்து’ என்று எழுதியதுண்டு. இந்தியாவுக்குப் பொருந்தாத அம்மொழிபெயர்ப்பு நியூபவுண்ட்லாந்துக்கு அப்படியே பொருந்தும். குடியேறியவர்களின் நாடே அது.

மக்கள்தொகை இரண்டேகால் இலட்சத்துக்குச் சற்று மேல். தலைநகர் செயின்ட் ஜான்ஸ் தவிர்த்தால், எஞ்சியோர் ஆயிரத்துக்கும் மேற்பட்ட சிறு கடற்கரைக் குடியிருப்புகளில் சிதறி வாழ்ந்தனர். 1898ஆம் ஆண்டில் தீவைக் குறுக்காகக் கடக்கும் இருப்புப்பாதை முடிந்திருந்தது. எனினும், பெரும்பாலான ஊர்களுக்குக் கடலே வழி. கத்தோலிக்கர், ஆங்கிலிகர், மெதடிசத்தார் என மூன்று சமயப் பிரிவினர் ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கினராக இருந்தனர். பள்ளிகளும் பதவிகளும் அக்கணக்குப்படியே பங்கிடப்பட்டன.

தொழில் ஒன்றே: காட் என்னும் மீன். அத்தீவினரின் ஆங்கிலத்தில் ‘மீன்’ என்று வெறுமனே சொன்னால் காட் மீன் மட்டுமே பொருள். ஏனைய மீன்களுக்கு அவற்றின் பெயரைச் சொல்லியாக வேண்டும். பொதுச்சொல் ஒன்று சிறப்புப்பொருளுக்குச் சுருங்கும் என்று வகுப்பில் எத்தனையோ எடுத்துக்காட்டுகளைத் தந்திருக்கிறோம். இதைவிடத் தெளிவான ஒன்று கிட்டியதில்லை. ஒரு நாட்டின் வயிறு முழுவதும் ஒரே உயிரினத்தை நம்பியிருந்ததை அச்சொல் காட்டிக்கொடுக்கிறது.

அம்மீனை உப்பிட்டு, மரப்பரண்களில் பரப்பிக் காயவைத்துக் கருவாடாக்கி விற்றனர். ஆண்கள் பிடித்துவர, காயவைக்கும் பணியின் பெரும்பகுதியைப் பெண்கள் செய்தனர். அப்பெண்களுக்கு 1925ஆம் ஆண்டுவரை வாக்குரிமை இல்லை. வந்தபோதும் ஆண்களுக்கு 21 வயது, பெண்களுக்கு 25 வயது என்று வந்தது. வணிகர் பருவத் தொடக்கத்தில் மாவு, உப்பு, வலை, தூண்டில் ஆகியவற்றைக் கடனாகக் கொடுப்பார். பருவ முடிவில் கருவாட்டை வாங்கிக் கணக்கில் கழித்துக்கொள்வார். கையில் காசு புழங்குவது அரிது. நம் தோட்டப்புறக் கடைகளின் கணக்குப் புத்தகத்தைப் பாட்டன்மார் வாயிலாகக் கேட்டறிந்தவர்களுக்கு இதனை விளக்க வேண்டியதில்லை.

இம்முறையில் ஒருவரைக் குறித்து வைத்துக்கொள்ளுமாறு வேண்டுகிறோம். பின்னர் அவரிடம் திரும்பி வருவோம். கருவாட்டைக் கையில் எடுத்துப் பார்த்து, இது முதல் தரம், இது இரண்டாம் தரம், இது கழிவு என்று பிரிப்பவர் அவர். அவர் சொல்லும் தரமே விலை. ஒரு குடும்பத்தின் குளிர்காலம் அவர் கையசைவில் இருந்தது. அவருக்குச் சம்பளம் கொடுத்தவரோ, சரக்கை வாங்கும் வணிகர்.

இனித் தேர்தலுக்கு வருவோம். 18 தொகுதிகள், 36 உறுப்பினர். சில தொகுதிகளுக்கு மூவர், சிலவற்றுக்கு இருவர், சிலவற்றுக்கு ஒருவர். 1900ஆம் ஆண்டு முதல் தலைமையமைச்சராக இருந்தவர் சர் ராபர்ட் பாண்ட், தாராளக் கட்சியினர். 1904ஆம் ஆண்டுத் தேர்தலில் அவர் தரப்பு 36 இடங்களுள் 30ஐ வென்றது. அவருடைய அமைச்சரவையில் வலக்கையாக விளங்கிய எட்வர்ட் மாரிஸ், சாலைப் பணியாளர்களின் கூலி பற்றிய பூசலைக் காரணங்காட்டி 1907ஆம் ஆண்டில் பதவி விலகினார். அடுத்த ஆண்டு மக்கள் கட்சி என்ற பெயரில் தனிக் கட்சி கண்டார். கூலிப் பூசல் உண்மையான காரணமா, வெளியேறக் கிடைத்த வாயிலா என்பதில் வரலாற்றாசிரியர்க்கு ஐயம் உண்டு, எமக்கும் உண்டு. கொள்கையில் இரு தலைவர்க்கும் மலையளவு வேறுபாடு இருந்ததாகத் தெரியவில்லை. பாண்ட் இறுக்கமானவர், வெளிநாட்டு மீன்பிடி உடன்படிக்கைகளில் மூழ்கியவர். மாரிஸ் கலகலப்பானவர், தலைநகரத் தொழிலாளரிடையே செல்வாக்குப் பெற்றவர்.

1908 நவம்பர் 2ஆம் நாள் வாக்களிப்பு நடந்தது. வாக்குகளை எல்லாம் எண்ணி முடித்தபோது பாண்டுக்கு 18, மாரிஸுக்கு 18.

மாணவியின் கேள்விக்கு விடை இங்கே தொடங்குகிறது. சரிசமம் என்பது கணக்கில் ஒரு முடிவு. ஆட்சியில் அது முடிவன்று. அவைத்தலைவர் எந்தக் கட்சியிலிருந்து வந்தாலும், நாற்காலியில் அமர்ந்தவுடன் வாக்களிப்பதில்லை. வாக்குகள் சமமாகப் பிரியும்போது மட்டுமே தம் தீர்வு வாக்கை அளிப்பார். ஆகவே எந்தக் கட்சி தன் ஆளைத் தலைவராக்குகிறதோ அந்தக் கட்சி அந்நொடியே 17 ஆகிவிடும். எதிர்த்தரப்பு 18 ஆகவே நிற்கும். ஏனைய அவைகளில் பெருமையாகக் கருதப்படும் அந்த நாற்காலி, இந்த அவையில் இழப்பாகிவிட்டது. தலைவரைத் தேர்ந்தெடுக்கும்வரை அவையை நடத்துபவர் செயலாளர். அவர் உறுப்பினர் அல்லர். சமன் ஏற்பட்டால் தீர்க்க அவரிடம் வாக்கில்லை. ஆள் இல்லாமையால் அன்று, ஆள் சரிபாதியாக இருந்தமையால் அந்த அவைக்குத் தலைவர் வாய்க்கவில்லை.

இப்படி நேர்ந்தால் என்ன செய்வது என்று எழுதிய விதி எதுவும் இல்லை. மரபு இருந்தது, ஆனால் மரபு இந்த நிலையை அதற்குமுன் பார்த்ததில்லை. தமிழாசிரியர்களுக்கு மரபு என்றால் என்ன என்று யாம் சொல்லத் தேவையில்லை. காகம் கரையும், ஆந்தை அலறும், கோழி கொக்கரிக்கும் என்று கற்பிக்கிறோம். ‘கோழி கரைந்தது’ என்று ஒரு மாணவர் எழுதினால் பொருள் விளங்காமற் போவதில்லை. ஆயினும் மதிப்பெண்ணைக் குறைக்கிறோம். ஏன் என்று கேட்டால், உயர்ந்தோர் அப்படி வழங்கினர் என்பதே விடை. ஆங்கிலேயரின் ஆட்சிமுறையும் இத்தகைய வழக்காற்றின்மேலேயே நின்றது. தலைமையமைச்சர் கேட்டால் ஆளுநர் அவையைக் கலைப்பார் என்று எங்கும் எழுதி வைக்கவில்லை. அப்படி வழங்கி வந்தனர். இதுவரை எவரும் கேட்டிராத ஒரு புதிய விலங்கு காட்டிலிருந்து வந்து குரல் எழுப்பினால், அதன் ஒலிக்கு எந்த வினைச்சொல்லை இடுவது? 1908ஆம் ஆண்டில் வந்து நின்றது அத்தகைய விலங்கு.

சொல்ல வேண்டிய பொறுப்பு ஒரே மனிதரின் தோளில் விழுந்தது. ஆளுநர் சர் வில்லியம் மெக்கிரகர். ஸ்காட்லாந்தில் பண்ணைக் கூலியாள் ஒருவரின் மகனாகப் பிறந்து, மருத்துவம் படித்து, குடியேற்றப் பணியில் படிப்படியாக உயர்ந்தவர். இவரைப் பற்றி ஒரு செய்தியை இவ்வவையில் சொல்லாமற் செல்ல எமக்கு மனமில்லை. 1884ஆம் ஆண்டில் கல்கத்தாவிலிருந்து இந்திய ஒப்பந்தத் தொழிலாளரை ஏற்றி வந்த ‘சிரியா’ என்ற கப்பல் பிஜித் தீவின் பவளப்பாறையில் மோதி உடைந்தது. ஐம்பதுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். மீட்புப் பணியை முன்னின்று நடத்தி, தாமே நீரில் இறங்கி உயிர்களைக் காத்தவர் அங்கு மருத்துவ அதிகாரியாக இருந்த இதே மெக்கிரகர். அதற்காக ஆல்பர்ட் பதக்கம் பெற்றார். பின்னர் நியூகினியிலும் லாகோஸிலும் ஆட்சி செய்து, 1904ஆம் ஆண்டில் நியூபவுண்ட்லாந்துக்கு வந்தார். கோழையோ சோம்பேறியோ அல்லர் என்பதற்காக இதனைச் சொல்கிறோம். பின்வரும் முடிவுகளை எடைபோடும்போது, எளிதில் ஏமாறும் ஒருவரை நினைத்துக்கொண்டு எடைபோட வேண்டாம்.

1909ஆம் ஆண்டுத் தொடக்கத்தில் பாண்ட் ஆளுநரிடம் சென்றார். அவை இன்னும் கூடவில்லை. கூடினாலும் பயனில்லை, ஆகையால் அதனைக் கலைத்து மறுதேர்தல் நடத்த வேண்டும் என்று கேட்டார். மெக்கிரகர் மறுத்தார். மக்கள் தேர்ந்தெடுத்த அவை ஒருமுறைகூடக் கூடிப் பாராமல், இயங்காது என்று எப்படி முடிவு கட்டுவது என்பது அவர் நிலைப்பாடு. பாண்ட் பதவி விலகினார். மார்ச் மாதத் தொடக்கத்தில் ஆளுநர் மாரிஸை அழைத்து ஆட்சி அமைக்கச் சொன்னார். மார்ச் மாத இறுதியில் அவை கூடியது. தலைவரைத் தேர்ந்தெடுக்க இயலவில்லை. இரு தரப்பும் சேர்ந்து ஆளும் வழியுண்டா என்று ஆளுநர் நாடிப் பார்த்தார், அதுவும் கைகூடவில்லை. பின்னர், இப்போது தலைமையமைச்சராக இருந்த மாரிஸ், அவையைக் கலைக்குமாறு கேட்டார். மெக்கிரகர் இசைந்தார்.

ஒரே கோரிக்கை, இரண்டு பேர் கேட்டனர், ஒருவருக்கு இல்லை, மற்றவருக்கு ஆம். பாண்டின் ஆதரவாளர் இதனை ஒருபக்கச் சார்பு என்று கொதித்ததில் வியப்பில்லை.

யாம் இதைப் பலமுறை எண்ணிப் பார்த்திருக்கிறோம். ஒரு தொடரின் பொருள் சொற்களில் மட்டும் இல்லை, சூழலிலும் இருக்கிறது என்பது எம் துறையின் முதற்பாடம். ‘வருகிறேன்’ என்ற சொல்லை வாசலுக்கு வெளியே நின்று சொன்னால் உள்ளே வருதல். உள்ளிருந்து எழுந்து நின்று சொன்னால் விடைபெறுதல். அவ்வாறே பாண்டின் கோரிக்கையும் மாரிஸின் கோரிக்கையும் சொல்லால் ஒன்று, சூழலால் வேறு. முன்னதன்போது அவை கூடவில்லை. பின்னதன்போது கூடித் தோற்றிருந்தது.

தமிழ்ச் சொல்லே இங்கு மெக்கிரகருக்காக வழக்காடுகிறது எனலாம். அவை கூடும், அவை கலையும் என்கிறோம். கூடுதலும் கலைதலும் எதிர்ச்சொற்கள். கூடிய கூட்டம் கலையும். கூடாத கூட்டத்தைக் கலைப்பதெங்ஙனம்? ஆங்கிலத்தில் இதற்கு வழங்கும் சொல் உப்பு நீரில் கரைவதைக் குறிக்கும் அதே சொல். அதில் கூடுதலின் நிழல் இல்லை. தமிழில் கேட்டிருந்தால் பாண்டின் வாதம் காதுக்கே சற்று முரணாக ஒலித்திருக்கும். சட்டப்படி அது முரணன்று. தேர்தல் முடிந்தவுடன் அவை உண்டு, கூடாவிட்டாலும் கலைக்கலாம். சொல் நம்மை எந்தப் பக்கம் சாய்க்கிறது என்பதைக் காட்டுவதற்காகவே சொன்னோம். மாணவர்கள் இதனைச் சட்டவாதமாக எடுத்துக்கொள்ளலாகாது.

மெக்கிரகரின் முதல் முடிவு சரியானது என்றே கருதுகிறோம். இரண்டாவது முடிவையும் குறைகூற முடியவில்லை. வேறு வழி அப்போது எஞ்சியிருக்கவில்லை. எம் உறுத்தல் வேறிடத்தில் உள்ளது. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால், மறுதேர்தல் நடந்த நாளில் அரசாங்கக் கருவூலத்தின் திறவுகோல் மாரிஸின் கையில் இருந்தது. பாண்டின் கோரிக்கை ஏற்கப்பட்டிருந்தால் அது பாண்டின் கையில் இருந்திருக்கும். ரொக்கப் பணமே அரிதான ஒரு நாட்டில், சாலை வேலையும் துறைமுக வேலையும் யார் கையால் வருகின்றன என்பது சிறு செய்தியன்று. மாரிஸ் கிளை இருப்புப்பாதைகள் போடுவதாக வாக்களித்தார். வளைகுடாதோறும் தொடர்வண்டி வரும் என்ற பேச்சு, குளிர்காலக் கூலிக்கு ஏங்கியவர் காதில் எப்படி விழுந்திருக்கும் என்று எண்ணிப் பாருங்கள். 1909 மே 8ஆம் நாள் வாக்களிப்பு. மாரிஸ் 26, பாண்ட் 10. ஆறே மாதங்களில், ஏறக்குறைய அதே வாக்காளர்கள்.

ஒவ்வொரு சொல்லும் இலக்கணப்படி சரியாக இருந்தும், தொடர் முழுவதும் படிக்கையில் ஏதோ பிசகியதாகத் தோன்றும் வாக்கியங்கள் உண்டு. தாள் திருத்தும் ஆசிரியர்களுக்கு இத்துயரம் தெரியும். எந்தச் சொல்லின் கீழ்க் கோடு போடுவது என்று தெரியாமல் பேனாவைப் பிடித்தபடி அமர்ந்திருப்போம். மெக்கிரகரின் ஆறு மாதங்கள் எமக்கு அப்படிப்பட்ட வாக்கியமாகவே இருக்கின்றன. அவர் அவ்வாண்டே நியூபவுண்ட்லாந்தை விட்டு ஆஸ்திரேலியாவின் குயின்ஸ்லாந்துக்கு ஆளுநராகச் சென்றார்.

2022 நவம்பரில் நம் மலேசியாவில் எந்தத் தரப்புக்கும் பெரும்பான்மை கிட்டாத நாள்களில், ‘தொங்கு நாடாளுமன்றம்’ என்ற சொல் காலைச் சிற்றுண்டிக் கடைகளில்கூட ஒலித்தது. ஆங்கிலத்தை அப்படியே பெயர்த்த சொல். முன்பு எமக்குப் பிடிக்காத சொல்லுங்கூட. அந்த ஐந்து நாள் காத்திருப்புக்குப் பிறகு அதனை எதிர்க்கும் மனம் எமக்கில்லை. உண்மையிலேயே எல்லாம் தொங்கத்தான் செய்தது.

இனி, குறித்து வைக்கச் சொன்னவரிடம் திரும்புவோம்.

1908 நவம்பர் 2ஆம் நாள் மாலை, தலைநகரிலிருந்து வெகு தொலைவில், நோட்டர் டேம் வளைகுடாவில் ஹெரிங் நெக் என்ற சிற்றூரில் ஒரு கூட்டம் நடந்தது. கூட்டியவர் வில்லியம் கோக்கர், 37 வயது. முன்பு தந்தி நிலையப் பணியாளர், அப்போது ஒரு சிறு தீவில் பண்ணை வைத்திருந்தவர், பாண்டின் கட்சிக்காரர். சிறுவனாகத் துறைமுகத்தில் கருவாடு சுமந்த நாளிலேயே, கூலிக்காக ஏனைய சிறுவர்களைத் திரட்டி வேலைநிறுத்தம் செய்தவர் என்பர். வாக்குச்சாவடிகள் மூடிய அதே நாளில், யார் வென்றார் என்று எவருக்கும் தெரியாத நேரத்தில், மீனவர்க்கு ஒரு சங்கம் வேண்டும் என்று அவர் பேசினார். மறுநாள் சங்கம் தோன்றியது. சேர்ந்தவர் இருபது பேர்கூடத் தேறவில்லை.

தலைநகரில் 18க்கும் 18க்கும் இடையே ஒரு நாற்காலி காலியாகக் கிடந்த அந்தக் குளிர்காலம் முழுவதும், கோக்கர் ஊர் ஊராகச் சென்று கிளைகள் அமைத்தார். அவர் கேட்டவற்றுள் முதன்மையானது இது: கருவாட்டுக்குத் தரம் சொல்பவர் வணிகரின் ஆளாக இருக்கலாகாது, அரசு அமர்த்திய, இரு தரப்புக்கும் பொதுவான ஒருவர் வேண்டும். தரம் பிரிக்காமலே குவியலாக ஒரே விலைக்கு வாங்கும் வழக்கமும் ஒழிய வேண்டும். அவ்வழக்கத்துக்கு அத்தீவில் ‘டால்குவால்’ என்று பெயர். ‘எப்படியோ அப்படியே’ என்று பொருள்படும் இலத்தீன் தொடரின் சிதைவு அது. எழுதப்படிக்கத் தெரியாத மீனவர்களின் வாயில் இலத்தீன் புழங்கியது. அவர்களுக்கு அதனால் நன்மை இல்லை.

இரு இடங்களிலும் வேண்டப்பட்டது ஒன்றே என்பதைக் கவனித்திருப்பீர்கள். சட்டமன்றத்தில் நடுவர் ஒருவர் இல்லாமல் ஆட்சி ஆறு மாதம் நின்றது, செய்தித்தாள்கள் எழுதின, இலண்டனுக்குக் கடிதங்கள் சென்றன. மீன் பரணில் நடுவர் இல்லாமல் தலைமுறை தலைமுறையாக வணிகம் நடந்தது, எதுவும் நிற்கவில்லை, மீனவர் மட்டும் கடனிலேயே நின்றனர். நூலாசிரியர்கள் முதலாவதற்கு அரசியல் நெருக்கடி என்று பெயரிட்டுள்ளனர். இரண்டாவதற்கு அப்படியொரு பெயர் வைக்கப்பட்டதாக யாம் காணவில்லை.

1913ஆம் ஆண்டுத் தேர்தலில் மீனவர் சங்கம் 9 இடங்களில் நின்று 8இல் வென்றது. பாண்டின் கட்சிக்கு 7 இடங்களே. மாரிஸ் 21 இடங்களுடன் ஆட்சியைத் தக்கவைத்தார். பாண்ட் அடுத்த ஆண்டே அரசியலைத் துறந்தார். அடுத்த ஆண்டில் சங்கத்தின் உறுப்பினர் ஏறத்தாழ 20,000. கோக்கர் பின்னர் மீன்வள அமைச்சராகி, 1919ஆம் ஆண்டிலும் அடுத்த ஆண்டிலும் கருவாட்டு ஏற்றுமதிக்கும் தரத்துக்கும் விதிகள் கொண்டுவந்தார். வணிகர் எதிர்த்தனர், வெளிநாட்டுச் சந்தையும் சரிந்துகொண்டிருந்தது. 1921ஆம் ஆண்டில் அவ்விதிகள் நீக்கப்பட்டன.

அதன்பின் நடந்தவற்றை விரைந்து சொல்கிறோம். முதல் உலகப்போரும் இருப்புப்பாதையும் ஏற்றிய கடன் 10 கோடி டாலரை நெருங்கியது. உலகப் பொருளாதார வீழ்ச்சியில் மீன் விலை விழுந்தது. 1933ஆம் ஆண்டில் இலண்டன் அனுப்பிய விசாரணைக் குழு, இம்மக்களுக்குக் கட்சி அரசியலிலிருந்து சில காலம் ஓய்வு தேவை என்று கருத்துரைத்தது. ஓய்வு என்ற சொல்லை இப்படியும் பயன்படுத்தலாம் என்று யாம் எண்ணியதில்லை. 1934ஆம் ஆண்டில் சட்டமன்றம் இடைநிறுத்தப்பட்டது. நியமனம் பெற்ற ஆணையம் ஆண்டது. ஒருகாலத்தில் சரிசமமாகப் பிரிந்து தலைவரைத் தேர முடியாமல் திணறிய அவை, இப்போது கூடவே இல்லை. 1948ஆம் ஆண்டில் இரு சுற்றுகளாக நடந்த பொதுவாக்கெடுப்பில், இரண்டாம் சுற்றில் 52 விழுக்காட்டினர் கனடாவோடு இணைய வாக்களித்தனர். 48 விழுக்காட்டினர் பழைய பொறுப்பாட்சியே வேண்டும் என்றனர். 1949 மார்ச் மாத இறுதியில் அத்தீவு கனடாவின் பகுதியாயிற்று. 1869ஆம் ஆண்டில் வேண்டாம் என்றதை 80 ஆண்டுகள் கழித்து, மிகச் சிறிய வேறுபாட்டில் ஏற்றுக்கொண்டது.

மாணவியின் கேள்விக்கு இவ்வளவு நீண்ட விடை வேண்டியிருந்தது. அன்று வகுப்பில் இதனைச் சொல்ல இயலாமற் போனது எம் குறையே. ‘பேச்சாளர்’ என்பதை இன்றும் சரியான மொழிபெயர்ப்பு என்று யாம் ஏற்கவில்லை. ஆனால் அதற்காகக் குறைத்த மதிப்பெண்ணைப் பற்றி இப்போது அத்துணை உறுதியாக இல்லை. அவர் பட்டம் பெற்று, இடைநிலைப்பள்ளி ஒன்றில் தமிழாசிரியராகப் பணியாற்றி வருகிறார். இன்று இந்த அரங்கிலும் பின்வரிசையில் அமர்ந்திருப்பதைக் கண்டோம். வினா நேரத்தின் முதல் வினா அவருடையதாக இருக்கட்டும்.